கீட்டோ, பேலியோ, 16:8: எடை எவ்வளவு குறையும், யாருக்கு ஆகாது?

காலையில் 100 பாதாம். மதியம் 200 கிராம் பனீரும் ஒரு கிண்ணம் காய்கறியும். இரவு நான்கு முட்டை. அரிசி, ராகி, உருளைக்கிழங்கு, பழம், சர்க்கரை எதுவும் கூடாது. இப்படி ஒரு டயட் சார்ட் கைபேசிக்கு வந்து சேர்கிறது. அதே வாரம் இன்னொன்றும் வருகிறது: எதை வேண்டுமானாலும் சாப்பிடலாம், ஆனால் மதியம் 12 மணிக்கு மேல் இரவு 8 மணிக்குள் முடித்துவிட வேண்டும். மூன்றாவது சார்ட் ஏழு நாள் கணக்கு. முதல் நாள் முழுக்கப் பழம் மட்டும். பழமே கூடாது என்று ஒன்று, பழம் மட்டும்தான் என்று இன்னொன்று. நீலகிரியின் குன்னூரிலும் கோத்தகிரியிலும் இரண்டையும் செய்து இளைத்தவர்கள் இருக்கிறார்கள். பிறகு எதை நம்புவது?

2025 மார்ச்சில் கேரளத்தின் கண்ணூர் பக்கம் ஓர் இளம்பெண், எடை கூடிவிடுமோ என்ற பயத்தில் மாதக்கணக்கில் சாப்பாட்டைச் சுருக்கி இறந்துபோன செய்தி வந்தபோது குழப்பம் இன்னும் கூடியது. டயட்டே விஷம் என்று ஒரு பக்கம். டயட் இல்லாமல் சர்க்கரை நோய் தீராது என்று மறுபக்கம்.

இங்கே இரண்டு கேள்விகள் ஒன்றோடொன்று பின்னிக் கிடக்கின்றன. எடை குறையுமா, குறைந்தது நிற்குமா என்பது ஒன்று. உடம்புக்கு ஆபத்து உண்டா என்பது மற்றொன்று. முதல் கேள்விக்கு எல்லா டயட்டுக்கும் ஏறக்குறைய ஒரே பதில்தான். இரண்டாவதன் பதில் ஆளுக்கு ஆள் மாறும். டயட்டின் பெயரைவிட, அதைச் செய்பவரின் மாத்திரை டப்பாவில் என்ன இருக்கிறது என்பதுதான் அங்கே முக்கியம்.

ஒரு வாரத்தில் 3 கிலோ: கணக்கு இடிக்கிறது

"பக்கத்து வீட்டில் ஒரே வாரத்தில் மூணு கிலோ குறைஞ்சுதாம்." பொய்யாக இருக்க வேண்டியதில்லை. ஆனால் குறைந்தது எது?

உடம்பில் சேர்ந்த கொழுப்பு ஒரு கிலோ கரைய ஏறத்தாழ 7,700 கலோரி பற்றாக்குறை வேண்டும். மூன்று கிலோவுக்கு 23,100. ஏழு நாளில் அதைச் செய்ய, தினமும் 3,300 கலோரி குறைய வேண்டும். உட்கார்ந்த வேலை பார்க்கும் ஒரு பெண்ணுக்கு நாளொன்றுக்கு வேண்டியதே 1,660 கலோரிதான் என்கிறது இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகமான ஐசிஎம்ஆரின் 2020ஆம் ஆண்டுப் பரிந்துரை, ஆணுக்கு 2,110. ஆக, அந்தப் பெண் ஏழு நாளும் பச்சைத்தண்ணீரைத் தவிர வேறெதையும் தொடாமல் இருந்தாலும் கொழுப்பு ஒன்றரை கிலோவுக்கு மேல் கரைய வழியில்லை.

மிச்சம் தண்ணீர். நாம் சாப்பிடும் மாவுச்சத்தில் ஒரு பங்கைக் கல்லீரலும் தசையும் கிளைகோஜன் என்ற வடிவில் சேமித்து வைக்கின்றன. ஒரு பெரியவர் உடம்பில் 400 முதல் 500 கிராம் வரை இருக்கும். ஒவ்வொரு கிராம் கிளைகோஜனும் சுமார் மூன்று கிராம் தண்ணீரைத் தன்னோடு பிடித்து வைத்திருக்கிறது. சோற்றையும் களியையும் நிறுத்தினால் இரண்டு மூன்று நாளில் இந்தச் சேமிப்பு காலியாகும், கூடவே அந்தத் தண்ணீரும் வெளியேறும். இன்சுலின் அளவு இறங்குவதால் சிறுநீரகம் உப்பையும் சேர்த்துத் தள்ளிவிடும். எடை மெஷினில் இரண்டு கிலோ குறைந்திருக்கும். பேண்ட்டும் கொஞ்சம் தளர்ந்திருக்கும். ஒரு கல்யாணப் பந்தியில் உட்கார்ந்து எழுந்தால், போன தண்ணீரில் பாதிக்கு மேல் மறுநாளே வீடு திரும்பிவிடும்.

எந்த டயட்டானாலும் முதல் வாரத்து எண்ணை வைத்து அதை எடைபோட முடியாது என்பதற்கு இதுதான் காரணம். விளம்பரங்கள் காட்டுவதும் அந்த முதல் வாரத்தைத்தான்.

பெயர்களும் பொருளும்

1. கீட்டோ: மாவுச்சத்தை நாளுக்கு 20 முதல் 50 கிராமுக்குள் அடக்கி, கொழுப்பை ஏற்றிக்கொள்வது. ஒரு கிண்ணம் சோறு சாப்பிட்டாலே அந்த ஒதுக்கீடு முடிந்துவிடும். மாவுச்சத்து கிடைக்காத உடம்பு கொழுப்பை உடைத்துக் கீட்டோன் என்ற எரிபொருளைத் தயாரிக்கும். பெயர் அதிலிருந்து வந்தது. இது இளைக்கப் பிறந்த உணவுமுறை அல்ல. 1921இல் அமெரிக்காவின் மேயோ கிளினிக்கில் ரஸ்ஸல் வைல்டர் என்ற மருத்துவர் வலிப்பு நோய்க்காக இதை முன்வைத்தார். இன்றும் மருந்துக்குக் கட்டுப்படாத வலிப்புள்ள குழந்தைகளுக்கு மருத்துவக் கண்காணிப்போடு கொடுக்கிறார்கள்.

2. பேலியோ: ஆதிமனிதன் சாப்பிட்டதாகக் கருதப்படும் இறைச்சி, முட்டை, காய், கொட்டைகள், தானியமும் பருப்பும் கிடையாது. மூலப் பேலியோவில் பாலுக்கும் இடமில்லை. தமிழ்நாட்டுக்கு வந்தபோது பனீரும் வெண்ணெயும் சேர்ந்துகொண்டன. நம் ஊரில் பேலியோ என்று நடப்பதில் பெரும்பகுதி கீட்டோவின் சைவ, அசைவ வடிவங்களே.

3. 16:8: பதினாறு மணி நேரம் பட்டினி, எட்டு மணி நேரத்துக்குள் சாப்பாடு. இடைவெளி விரதம் என்கிறார்கள்.

4. ஜிஎம் டயட்: ஏழு நாள் திட்டம். ஒரு நாள் பழம், ஒரு நாள் காய், நான்காம் நாள் வாழைப்பழமும் பாலும். ஒரு பெரிய கார் நிறுவனம் தன் ஊழியர்களுக்காக வடிவமைத்தது என்ற கதைக்கு ஆதாரம் கிடையாது. இதில் குறைவது முக்கால்வாசி தண்ணீர்தான் என்பதால் மேலே பேச ஒன்றுமில்லை.

5. சிறுதானிய டயட்: அரிசிக்குப் பதில் ராகி, சாமை, தினை. 2023ஐ ஐ.நா. சிறுதானிய ஆண்டாக அறிவித்த பிறகு இதற்கு மவுசு கூடியது.

6. மாற்றுணவு: சாப்பாட்டுக்குப் பதில் பவுடரைக் கலக்கிக் குடிப்பது.

பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தபோது

இவற்றை ஒன்றோடொன்று மோதவிட்டுப் பார்த்த ஆய்வுகள் இருக்கின்றன. 2018இல் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தின் கிறிஸ்டோபர் கார்ட்னர் குழு 609 பேரை இரண்டாகப் பிரித்தது. ஒரு பாதிக்குக் கொழுப்பு குறைந்த உணவு, மறு பாதிக்கு மாவுச்சத்து குறைந்த உணவு. இருவருக்கும் பொதுவான விதி ஒன்று: சர்க்கரை, மைதா, பாக்கெட் தின்பண்டங்களைக் குறை, காய்கறியைக் கூட்டு. ஓராண்டு முடிவில் முதல் குழு சராசரியாக 5.3 கிலோ இழந்தது, இரண்டாவது 6.0 கிலோ. புள்ளியியல்படி இது வித்தியாசமே இல்லை.

ஆனால் சராசரிக்குள் புகுந்து பார்த்தால் வேறு காட்சி. ஒரே டயட்டில் 30 கிலோ வரை இறங்கியவரும் இருந்தார், பத்துக் கிலோ ஏறியவரும் இருந்தார். டயட்டுக்கும் டயட்டுக்கும் உள்ள வித்தியாசத்தைவிட ஆளுக்கும் ஆளுக்கும் உள்ள வித்தியாசம் பல மடங்கு பெரிது. பக்கத்து வீட்டு அக்காவுக்குப் பலித்தது நமக்குப் பலிக்கும் என்பதற்கு உத்தரவாதம் இல்லை என்று இந்த ஒரு ஆய்வை வைத்தே சொல்லிவிடலாம்.

16:8க்கும் இதே கதி. 2022இல் சீனாவின் குவாங்சோவில் 139 பேர் கலந்துகொண்டார்கள். எல்லாருக்கும் ஒரே கலோரிக் கட்டுப்பாடு. பாதிப் பேர் மட்டும் காலை 8 மணிமுதல் மாலை 4 மணிக்குள் சாப்பிட்டு முடிக்க வேண்டும். ஓராண்டில் அவர்கள் இழந்தது 8.0 கிலோ, நேரக் கட்டுப்பாடு இல்லாதவர்கள் 6.3 கிலோ. இதுவும் புள்ளியியல் எல்லைக்குள் அடங்கிவிடும் வித்தியாசம்தான். கடிகாரத்துக்கு மந்திர சக்தி ஏதுமில்லை. இரவு பத்து மணிக்கு டிவி முன்னால் உட்கார்ந்து கொறிப்பவருக்கு அந்தக் கொறிப்பு நிற்கிறது, கலோரி குறைகிறது. கொறிக்கும் வழக்கமே இல்லாதவருக்குப் பெரிதாக ஒன்றும் நடக்காது.

பேர்பெற்ற 14 டயட்டுகளை, 121 ஆய்வுகளையும் 21,942 பேரையும் சேர்த்து அலசிய கட்டுரை ஒன்று 2020இல் பிரிட்டிஷ் மருத்துவ இதழில் வெளிவந்தது. ஆறு மாதத்தில் பெரும்பாலானவற்றில் எடையும் இரத்த அழுத்தமும் ஓரளவு குறைந்தன. பன்னிரண்டு மாதத்தில் எடைக்குறைவு சுருங்கிப்போனது. இதய நலனுக்கான ஆதாயம் பெரும்பாலும் மறைந்தேபோனது.

இறங்கிய எடை ஏன் திரும்புகிறது

மனவுறுதி இல்லை என்று திட்டுவது எளிது. உடம்பு என்ன செய்கிறது என்று பார்த்தால் திட்ட மனம் வராது.

1944 நவம்பரில் அமெரிக்காவின் மினசோட்டாவில் ஆன்செல் கீஸ் என்ற ஆய்வாளர் 36 இளைஞர்களை வைத்து ஒரு பட்டினிச் சோதனையைத் தொடங்கினார். 24 வாரம் அவர்களுக்குக் கிடைத்தது நாளுக்கு ஏறத்தாழ 1,570 கலோரி. அவர்கள் வாரம் முழுக்க நடந்துகொண்டே இருந்தவர்கள் என்பது உண்மைதான். ஆனாலும் இன்றைய பல டயட் சார்ட்டுகளின் 1,200ஐவிட இது அதிகம் என்பதைக் கவனிக்கலாம். எடையில் கால்வாசி போனது. நாடித்துடிப்பு மெதுவானது. சாப்பாட்டைத் தவிர வேறு நினைப்பே இல்லாமல் சமையல் குறிப்புகளைச் சேகரித்தார்கள். அப்புறம் வெயில் காலத்திலும் கம்பளி கேட்டார்கள். உடம்பு அடுப்பைச் சிம்மில் வைத்துவிட்டது. ஊட்டிக் குளிரில் கடும் டயட்டில் இருப்பவர் வழக்கத்தைவிட அதிகமாக நடுங்குவதற்குப் பின்னாலும் இதே காரணம் இருக்கலாம்.

2016இல் கெவின் ஹால் குழு ஒரு தொலைக்காட்சி எடைக்குறைப்புப் போட்டியில் கலந்துகொண்ட 14 பேரை ஆறு வருடம் கழித்துத் தேடிப் பரிசோதித்தது. இழந்த எடையில் பெரும்பகுதி திரும்பியிருந்தது. ஆனால் ஓய்வில் இருக்கும்போது உடம்பு எரிக்கும் கலோரி மட்டும், அவர்களது உடல்வாகுக்கு இருக்க வேண்டியதைவிட நாளுக்குச் சுமார் 500 குறைவாகவே நின்றது. எடை ஏறிவிட்டது, அடுப்பு இன்னும் சிம்மில்.

இந்தியாவில் 2025 மார்ச் முதல் விற்பனைக்கு வந்த, எடைக்குறைப்புக்கான வாராந்தர ஊசி வகை மருந்துகளுக்கும் இந்த இழுபறி உண்டு. செமாக்ளுடைடு ஊசியில் 68 வாரத்தில் சராசரியாக 14.9 சதவீத எடை குறைந்தது. நிறுத்திய ஓராண்டில் அதில் மூன்றில் இரண்டு பங்கு திரும்பியது.

மலைக்கு உரிய சங்கதிகள்

உயரத்தில் எடை தானாகக் குறையும் என்று ஒரு நம்பிக்கை இருக்கிறது. முழுப் பொய்யில்லை. ஜெர்மனியில் பருமனான 20 ஆண்களை 2,650 மீட்டர் உயரத்திலிருந்த ஆய்வு நிலையத்தில் ஒரு வாரம் தங்கவைத்தார்கள். தொட்டபெட்டா 2,637 மீட்டர், கிட்டத்தட்ட அதே உயரம். உடற்பயிற்சி கிடையாது, சாப்பாட்டுக்குத் தடை கிடையாது. ஆனாலும் பசி மந்தித்து ஒன்றரை கிலோ போல இறங்கினார்கள். இது சமவெளியிலிருந்து புதிதாக ஏறிவந்த உடம்பில் நடப்பது. ஊட்டியிலேயே பிறந்து வளர்ந்தவருக்கு அந்தச் சலுகை இல்லை. குளிருக்குப் பசி எடுக்கிறது என்று அவர் சொல்வதும், மழை நாளில் பஜ்ஜிக் கடை முன்னால் நிற்பதும் அதைத்தான் காட்டுகின்றன.

கிரீன் டீ நம் ஊர்ச் சரக்கு. அதனால் சொல்லக் கொஞ்சம் சங்கடமாகத்தான் இருக்கிறது. 2012இல் காக்ரேன் அமைப்பு தொகுத்த ஆய்வுகளில், ஜப்பானுக்கு வெளியே நடந்தவற்றில் கிரீன் டீ சேர்த்ததால் கூடுதலாகக் குறைந்த எடை சராசரியாக 0.04 கிலோ. அதாவது 40 கிராம், ஒரு சின்னக் கேரட்டின் எடை. சர்க்கரையும் பாலும் போட்ட டீயின் இடத்தைச் சர்க்கரை போடாத கிரீன் டீ பிடித்தால் பலன் உண்டு, ஆனால் அது போடாமல் விட்ட சர்க்கரையின் பலன். கப்பில் குடிப்பதில் ஆபத்து ஒன்றுமில்லை. சாறெடுத்து அடைத்த மாத்திரைகள் வேறு ரகம். அதிலுள்ள கேட்டச்சின் வகைப் பொருள் நாளுக்கு 800 மில்லிகிராமைத் தாண்டினால் கல்லீரல் நொதிகள் ஏறலாம் என்று 2018இல் ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம் சொன்னது.

குடம்புளியும் மேற்குத் தொடர்ச்சி மலைக்காரர்களுக்குப் பழக்கமானது. மீன் குழம்பில் போடுவதை கார்சினியா என்ற பெயரில் மாத்திரையாக்கி விற்கிறார்கள். 1998இல் 135 பேரிடம் 12 வாரம் சோதித்தபோது அதைச் சாப்பிட்டவர்கள் 3.2 கிலோ இழந்தார்கள். வெறும் மாவு மாத்திரை சாப்பிட்டவர்கள் 4.1 கிலோ. குழம்போடு நிறுத்திக்கொள்ளலாம்.

ராகிக்கு வருவோம். நீலகிரிக் கிராமங்களில் ராகியும் சாமையும் அவரையும் முந்தைய தலைமுறைகளின் அன்றாடச் சாப்பாடு, ரேஷன் அரிசி வருவதற்கு முன்பிருந்தே. இப்போது சர்க்கரை நோய்க்கு ராகிக் களி நல்லது என்று இரண்டு உருண்டை விழுங்குகிறார்கள். 100 கிராம் ராகி மாவில் 320 கலோரி, 100 கிராம் அரிசியில் 350க்குச் சற்று மேல். வித்தியாசம் அவ்வளவுதான். நார்ச்சத்திலும் சுண்ணாம்புச் சத்திலும் ராகி வெகு தூரம் முன்னால் நிற்கிறது, அதற்காகச் சாப்பிடலாம். எடைக்கு என்று கேட்டால் பதில் உருண்டையின் அளவில் இருக்கிறது. அன்றைய மனிதர் அந்தக் களியைச் சாப்பிட்டுவிட்டு மேட்டு நிலத்தில் நாள் முழுக்கக் கொத்தினார், சந்தைக்கு நடந்தே போய்வந்தார். களி மட்டும் மிஞ்சியிருக்கிறது, கொத்து போய்விட்டது.

யாரும் சார்ட்டில் எழுதாத ஒன்று டீயும் வர்க்கியும். அரை டம்ளர் பால், இரண்டு ஸ்பூன் சர்க்கரை போட்ட டீ ஏறத்தாழ 100 கலோரி. குளிருக்கு நாளைக்கு ஆறு டீ என்றால் 600. கூடவே வர்க்கி. மைதாவையும் கொழுப்பையும் மடித்து மடித்து அடுக்கி, அடுப்பில் மொறுமொறுவென்று சுட்டது. டீயில் தோய்க்கும்போது மேலே எண்ணெய்ப் பொட்டுகள் மிதப்பதைப் பார்த்திருப்பீர்கள். அதுதான் அந்த அடுக்குகளுக்குள் இருப்பது. சோற்றை நிறுத்திவிட்டேன், ஆனாலும் எடை குறையவில்லை என்பவர்கள் இந்தப் பக்கமும் ஒரு பார்வை பார்க்கலாம். டீயில் சர்க்கரையை இரண்டிலிருந்து அரை ஸ்பூனாக்கினால் ஆறு டீக்கு 180 கலோரி மிச்சம். எந்த டயட்டின் பெயரும் அதற்குத் தேவையில்லை.

யாருக்கு ஆகாது

1. சுகர் மாத்திரை சாப்பிடுபவர்கள். மக்களைத் தேடி மருத்துவம் 2021இல் தொடங்கிய பிறகு சர்க்கரைக்கும் இரத்த அழுத்தத்துக்குமான மாத்திரை பல வீடுகளுக்கு வாசலிலேயே கிடைக்கிறது. நல்ல ஏற்பாடு. ஆனால் அந்த மாத்திரையின் அளவு, நீங்கள் மூன்று வேளையும் சாப்பிடுவீர்கள் என்ற கணக்கில் எழுதியது. கிளிமிபிரைடு, கிளிபென்கிளமைடு வகையும் இன்சுலினும் நீங்கள் சாப்பிட்டாலும் சாப்பிடாவிட்டாலும் சர்க்கரையை இறக்கிக்கொண்டே இருக்கும். காலை ஏழு மணிக்கு மாத்திரையைப் போட்டுக்கொண்டு 16:8 என்று பன்னிரண்டு மணிவரை பட்டினியாகத் தேயிலைச் சரிவில் ஏறினால் என்ன ஆகும்? கை நடுங்கும், வியர்க்கும், படபடக்கும், பேச்சு குழறும். குளிரில் நடுங்குகிறது என்று நினைத்துச் சும்மா இருந்துவிடும் அபாயம் மலையில் கூடுதல். குளிர் நடுக்கத்தில் வியர்க்காது, இதில் வியர்க்கும். அந்த நேரத்தில் மூன்று ஸ்பூன் சர்க்கரை கரைத்த தண்ணீர்தான் மருந்து, டயட்டை மறந்துவிட வேண்டும். மெட்ஃபார்மின் மட்டும் சாப்பிடுபவருக்கு இந்த ஆபத்து மிகக் குறைவு.

2. மாத்திரை அட்டையின் பின்பக்கத்தைத் திருப்பிப் பாருங்கள். பெயர் "கிளிஃப்ளோசின்" என்று முடிகிறதா? டாபாகிளிஃப்ளோசின், எம்பாகிளிஃப்ளோசின் இரண்டும் இப்போது மலிவாகிப் பரவலாக எழுதப்படுகின்றன. சர்க்கரையைச் சிறுநீரில் வெளியேற்றும் மாத்திரைகள், இதயத்துக்கும் சிறுநீரகத்துக்கும் நல்லவை. ஆனால் இதோடு கீட்டோவோ நீண்ட பட்டினியோ சேர்ந்தால் இரத்தத்தில் கீட்டோன் அமிலம் கட்டுக்கடங்காமல் சேரலாம். 2015லேயே அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு இந்த மாத்திரைகளின் அமில ஆபத்தைச் சொல்லி எச்சரித்தது. இதில் ஏமாற்றும் அம்சம் ஒன்று இருக்கிறது. வழக்கமாகக் கீட்டோன் அமிலம் சேரும்போது சர்க்கரை 300, 400 என்று எகிறும். இதில் 200க்குக் கீழேயே இருக்கலாம். வாந்தி, வயிற்றுவலி, மூச்சிரைப்பு என்று போனால் சர்க்கரை 170தான், கேஸ் ட்ரபிள் என்று திருப்பி அனுப்பிவிட வாய்ப்பிருக்கிறது. போகும்போதே மாத்திரையின் பெயரையும், கீட்டோவில் இருப்பதையும் வாய்விட்டுச் சொல்ல வேண்டும்.

3. பிரஷர் மாத்திரை. உப்பும் தண்ணீரும் வெளியேறும் முதல் இரண்டு வாரத்தில் இரத்த அழுத்தம் இறங்கும். பழைய அளவு மாத்திரை தொடர்ந்தால் எழுந்து நிற்கும்போது தலை சுற்றும்.

4. கல். கீட்டோவில் வைத்த வலிப்பு நோய்க் குழந்தைகளில் 100க்கு ஐந்தாறு பேருக்குச் சிறுநீரகக் கல் வந்திருக்கிறது. மலையில் தாகம் எடுப்பது குறைவு. டீயைத் தவிர்த்துப் பார்த்தால் நாளைக்கு இரண்டு டம்ளர் தண்ணீர்கூடக் குடிக்காதவர்கள் உண்டு. அதோடு 100 பாதாம். சுமார் 120 கிராம், 700 கலோரி, அப்புறம் நிறைய ஆக்சலேட்; கல்லில் பெரும்பாலானவை அந்த ஆக்சலேட்டால் ஆனவைதான். பித்தப்பைக் கல்லுக்குக் காரணம் வேகம்: வாரம் ஒன்றரை கிலோவுக்கு மேல் இறங்கினால் ஆபத்து கூடுகிறது. சிறுநீரகம் ஏற்கெனவே பழுதுபட்டவருக்கு அதிகப் புரதம் சுமை. கீட்டோவில் சிலருக்குக் கெட்ட கொழுப்பான எல்டிஎல் எகிறிவிடுகிறது. யாருக்கு எகிறும் என்று முன்கூட்டிச் சொல்ல முடியாது, சோதித்துத்தான் தெரியும்.

5. இரத்தம் குறைந்தவர்கள். தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பின்படி 2019–21இல் தமிழ்நாட்டில் 15 முதல் 49 வயதுப் பெண்களில் 53.4 சதவீதத்தினருக்கு இரத்தசோகை; 40.4 சதவீதத்தினருக்கு அதிக எடை. இரண்டும் ஒரே வீட்டில், பல நேரம் ஒரே உடம்பில். பழமும் காயும் மட்டும் தின்னும் டயட் இவர்களை இன்னும் வெளுக்கவைக்கும். சாப்பாட்டோடு சேர்த்து டீ குடிப்பது இரும்புச்சத்தை உடம்பில் சேரவிடாது. ஒரு மணி நேரம் தள்ளிக் குடிக்கலாம்.

6. அரிவாள் செல் நோய் உள்ளவர்கள். கூடலூர், பந்தலூர், கோத்தகிரிப் பகுதிகளின் ஆதிவாசி மக்களிடையே இந்தப் பரம்பரை நோய் உண்டு. உடம்பில் தண்ணீர் வற்றினால் சிவப்பணுக்கள் அரிவாள்போல் வளைந்து நாளங்களை அடைத்துக்கொள்ளும், தாங்கமுடியாத வலி வரும். பட்டினி, தண்ணீர் இழப்பு, குளிர் மூன்றும் சேர்வது இவர்களுக்கு ஆகவே ஆகாது. இங்கே எடைக்குறைப்பு என்று எதையும் சொந்தமாகத் தொடங்கக் கூடாது.

7. கர்ப்பிணிகள், பால் கொடுப்பவர்கள், வளரும் பிள்ளைகள். பத்தாம் வகுப்புப் பெண் மதிய உணவு டப்பாவைத் திறக்காமலே திருப்பிக் கொண்டுவருவது, சாப்பிட்டவுடன் குளியலறைக்குப் போய்க் கதவைச் சாத்துவது, ஒல்லியான பிறகும் குண்டு என்றே சொல்வது: இவை டயட்டைத் தாண்டிய அறிகுறிகள். கண்ணூர்ப் பெண்ணுக்கு இருந்ததாக மருத்துவர்கள் சொன்ன அனோரெக்சியா மனநோய்களிலேயே உயிரை அதிகம் குடிப்பவற்றில் ஒன்று. அதட்டிச் சோறு ஊட்டித் தீர்க்க முடியாது, மனநல மருத்துவர் வேண்டும்.

8. பவுடரும் "மூலிகை" மாத்திரையும். 1970களின் பிற்பகுதியில் அமெரிக்காவில் திரவப் புரதத்தை மட்டும் குடித்து இளைத்தவர்களில் சுமார் 60 பேர் இறந்தார்கள். பலர் இதயத் துடிப்பு தடுமாறிப் போனவர்கள். இந்தியாவில் 2011இல் தடைசெய்யப்பட்ட சிபுட்ரமின் என்ற பசியடக்கும் மருந்து, பெயர் சொல்லாமல் மூலிகைப் பாக்கெட்டுகளுக்குள் கலந்திருப்பதை உலகமெங்கும் ஆய்வகங்கள் திரும்பத் திரும்பக் கண்டுபிடிக்கின்றன. இது மாரடைப்புக்கும் பக்கவாதத்துக்கும் வழி திறப்பது. மூலிகை மாத்திரை போட்டவுடன் பசியே இல்லை, இதயம் மட்டும் படபடக்கிறது என்றால் சந்தேகப்பட வேண்டியதுதான்.

அப்படியானால் கடும் டயட் எல்லாமே தவறா

இல்லை. பிரிட்டனில் 306 சர்க்கரை நோயாளிகளைக் கொண்டு நடந்த டைரெக்ட் ஆய்வில் பாதிப் பேருக்கு மூன்று முதல் ஐந்து மாதம் நாளுக்கு 825 முதல் 853 கலோரிதான், அதுவும் பானமாக. 2017இல் வெளியான முதலாண்டு முடிவின்படி 46 சதவீதத்தினருக்கு மாத்திரையே இல்லாமல் சர்க்கரை இயல்புக்கு வந்தது. 15 கிலோவுக்கு மேல் இழந்தவர்களில் 86 சதவீதம். நம் ஊர் எந்தச் சார்ட்டையும்விடக் கடுமையான திட்டம் இது. ஆனால் முதல் நாளே சர்க்கரை, பிரஷர் மாத்திரைகளை மருத்துவர் நிறுத்தினார். பயிற்சி பெற்ற செவிலியரும் உணவியலாளரும் தொடர்ந்து பார்த்தார்கள். பானத்திலிருந்து சாப்பாட்டுக்குத் திரும்புவதற்கென்றே தனித் திட்டம் இருந்தது. கைபேசியில் வரும் சார்ட்டில் கலோரி மட்டும் இருக்கிறது, இவை மூன்றும் இல்லை.

கண்காணிப்பு இல்லாமல் வீட்டில் செய்பவருக்கு ஐசிஎம்ஆரின் தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் 2024இல் வெளியிட்ட வழிகாட்டி இரண்டு எல்லைகளை வைக்கிறது. 1,000 கலோரிக்குக் கீழே போகக் கூடாது. வாரம் அரை கிலோ குறைந்தால் பாதுகாப்பானது. கேட்பதற்குச் சப்பென்று இருக்கும். ஆறு மாதத்தில் அது 13 கிலோ.

இன்னொன்று. சென்னையில் மருத்துவர் அ. ராமச்சந்திரன் தலைமையில் சர்க்கரை நோயின் விளிம்பில் இருந்த 531 பேரைப் பின்தொடர்ந்த ஆய்வு 2006இல் வெளியானது. நடைப்பயிற்சியும் உணவு மாற்றமும் செய்தவர்களுக்கு நோய் வரும் அபாயம் 28.5 சதவீதம் குறைந்தது. அவர்களது எடை பெரிதாக மாறவேயில்லை. மெஷின் முள் அசையாத மாதங்களிலும் உள்ளே ஏதோ நடந்துகொண்டிருந்திருக்கிறது.

அதனால் எடையோடு இடுப்புச் சுற்றளவையும் பாருங்கள். நம் உடல்வாகுக்கு பிஎம்ஐ (கிலோவில் எடையை, மீட்டரில் உயரத்தின் வர்க்கத்தால் வகுத்தால் வரும் எண்) 23லேயே அதிக எடை, 25இல் பருமன். இடுப்புச் சுற்று ஆணுக்கு 90 சென்டிமீட்டருக்குள், பெண்ணுக்கு 80க்குள். கடைசி விலா எலும்புக்கும் இடுப்பெலும்பின் மேல் விளிம்புக்கும் நடுவில் டேப்பை வைத்து, மூச்சை இயல்பாக விட்டபின் அளக்க வேண்டும். வயிற்றை எக்கக் கூடாது. ஸ்வெட்டரையும் உள்ளே போட்டிருக்கும் தெர்மலையும் கழற்றிவிட வேண்டும் என்பதை சமவெளி வழிகாட்டிகள் எழுதுவதில்லை. மலையில் இரண்டு மூன்று சென்டிமீட்டர் அதற்கே போய்விடும்.